உழைப்போரும் ஆவணப்படமும்

சிதம்பரம் நடராசர் திருக்கோயிலின் நான்கு திசைகளிலும் நான்கு கோபுரங்கள் வானளாவ நிமிர்ந்து நிற்கின்றன. அவற்றுள் வடக்குக் கோபுரம் விசயநகரப் பேரரசர் கிருட்டிணதேவராயரின் திருப்பணியாகும். 16-ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் நிறைவெய்திய அக்கோபுர வாயிலின் உட்புறத்தில், மாடம் ஒன்றில், அம்மன்னரின் உருவச்சிலை விளங்குகின்றது. ஆயின், அதே வாயிலில் வேறு சில உருவங்களும் உள்ளன. அவை தேவருடையன அல்ல, அரசருடையனவும் அல்ல. அக்கோபுரத்தைக் கட்டிய சிற்பியர் நால்வரின் உருவங்களே அவை. உருவங்களோடு அவர்தம் பெயர்களும் பொறிக்கப்பட்டுள்ளன. அவர்கள் கையாண்ட அளவுகோலும் காட்டப்பட்டுள்ளது. விருத்தகிரி சேவகப்பெருமாள் என்பது ஒருவர் பெயர். அவர்தம் மைந்தர் விசுவமுத்து என்பது மற்றொருவர் பெயர். விருத்தகிரி என்பது இன்று விருத்தாசலம் என வழங்கும் ஊரே ஆகும்.

இத்தகைய பதிவு மிக அரிதாகவே காணப்படுகின்றது. சிதம்பரத்தை அடுத்துள்ள வீராணம் ஏரி 10-ஆம் நூற்றாண்டில், முதலாம் பராந்தக சோழன் காலத்தில் வெட்டப்பட்டது. அவ்வேரியின் பெயர் அம்மன்னனின் வீரநாராயணன் என்னும் சிறப்புப் பெயரை இன்றும் நினைவூட்டுகின்றது. அதன் கரைக்கு மண் சுமந்தவர்களின் பெயரை நினைவூட்டுவது எதுவும் இல்லை. கொள்ளிடத்தின் குறுக்கே அணைக்கரையில் நிற்கும் கீழணை 1836-ஆம் ஆண்டில் ஆர்தர் காட்டன் என்னும் பொறியாளரின் திட்டப்படி கட்டப்பெற்றது. அங்கிருந்தே வடவாறு வழியாக வீராணத்திற்கு நீர் வருகின்றது. காட்டனின் பெயரை வரலாறு போற்றுகின்றது. ஓடும் ஆற்றின் மணற்படுகையில் கடைக்கால் இட்ட கைகள் எவருடையவை என்பதை அது கூறவில்லை. பணி நிலைத்தது, பணி செய்தவர் மறைந்தனர். இக்குறையை ஓரளவேனும் நீக்கவல்ல கருவி ஒன்று 19-ஆம் நூற்றாண்டின் இறுதியில் மனிதனுக்குக் கிடைத்தது. அதுவே திரைப்படக் கருவி.

திரைப்படம் என்றவுடன் கதைப்படமே பலர் நினைவிற்கு வரும். அரங்கம் அமைத்து, நடிகரைக் கொண்டு, புனைந்த கதையைக் காட்டுவது கதைப்படம். உண்மையில் நிகழ்வனவற்றை, நிகழும் இடத்திற்கே சென்று, அங்கு வாழ்வோரையும் உழைப்போரையும் கொண்டு காட்டுவது ஆவணப்படம். அன்றன்றைய நிகழ்ச்சிகளைத் திரட்டித் தரும் செய்திப்படத்தினும் இது வேறானது. செய்திப்படம் ஓர் அணை திறக்கப்பட்டது என்று அறிவிக்கும். ஆவணப்படமோ, அந்த அணை எதற்காக, எவ்வாறு, எவருடைய உழைப்பால் எழுந்தது என்று ஆராய்ந்து, அவற்றை ஒழுங்குபடுத்தி, காண்போர் உள்ளத்தில் பதியுமாறு எடுத்துரைக்கும். உண்மையே அதன் கருப்பொருள். ஒழுங்குபடுத்துதலே அதன் கலை.

உலகில் முதன்முதலாகக் கட்டணம் செலுத்திய மக்களுக்குக் காட்டப்பட்ட படங்களுள் ஒன்று தொழிலாளரைப் பற்றியதே என்பது வியப்பிற்குரியது. பிரான்சு நாட்டின் லூமியேர் உடன்பிறந்தார் 1895-ஆம் ஆண்டு டிசம்பர் 28-ஆம் நாள் பாரிசு நகரில் சில குறும்படங்களைத் திரையிட்டனர். அவற்றுள் ஒன்று, லியோன் நகரில் இருந்த அவர்களுடைய தொழிற்சாலையிலிருந்து தொழிலாளர் வெளியேறும் காட்சி. ஒரு நிமிடத்திற்கும் குறைந்த அப்படத்தில் கதவு திறக்கின்றது. பெண்களும் ஆண்களும் திரளாக வெளியே வந்து இருபுறமும் பிரிந்து செல்கின்றனர். அவர்கள் உள்ளே என்ன செய்தனர் என்பதைப் படம் காட்டவில்லை. தொழிற்சாலையின் வாயிலில் நின்ற படக்கருவி உள்ளே நுழையப் பல ஆண்டுகள் ஆயின.

1929-ஆம் ஆண்டில் சோவியத்து நாட்டில் விக்தர் தூரின் என்பார் துர்க்சிப் என்னும் படத்தை உருவாக்கினார். நடு ஆசியாவையும் சைபீரியாவையும் இணைக்கும் இருப்புப்பாதை இடப்படுவதை அது காட்டியது. அதே ஆண்டில் இங்கிலாந்தில் சான் கிரியர்சன், வடகடலில் மீன் பிடிப்போரின் உழைப்பைக் காட்டும் டிரிஃப்டர்சு என்னும் படத்தை வெளியிட்டார். அவரைச் சூழ்ந்து இளைஞர் குழு ஒன்று திரண்டது. அக்குழுவினர் 1935-ஆம் ஆண்டில் வெளியிட்ட கோல் ஃபேசு என்னும் படம், நிலக்கரிச் சுரங்கத்தின் இருளில் குனிந்தும் முழந்தாளிட்டும் உழைப்போரை மக்கள் கண்முன் நிறுத்தியது. வீட்டில் அடுப்பெரித்துக் குளிர்காய்வோர், அந்நெருப்பின் பின்னால் ஒரு மனிதன் இருக்கின்றான் என்பதை உணரலாயினர். இதுவே ஆவணப்படத்தின் தலையாய பயன்.

நம் நாட்டில் இத்துறைக்கு ஊக்கமளித்தோருள் தமிழர் ஒருவர் சிறப்பாகக் குறிப்பிடத்தக்கவர். அவர் ஏ. கே. செட்டியார். மகாத்மா காந்தியடிகளின் வாழ்வைப் படமாக்க விரும்பிய அவர், உலகின் பல நாடுகளுக்குச் சென்று, பலர் பல காலங்களில் எடுத்த படச்சுருள்களைத் தேடித் திரட்டினார். திரட்டியது ஏறத்தாழ 50,000 அடி. அதிலிருந்து 12,000 அடி நீளமுள்ள படத்தைத் தொகுத்து 1940-ஆம் ஆண்டில் வெளியிட்டார். 35 மில்லிமீட்டர் படச்சுருள் நிமிடத்திற்கு 90 அடி வீதம் ஓடும். எனவே ஒன்பது மணி நேரத்திற்கு மேற்பட்ட காட்சிகளை ஆராய்ந்து இரண்டேகால் மணி நேரமாகச் சுருக்கினார் எனலாம். தேடுதலும் தேர்தலும் தொகுத்தலும் ஆவணப்படக் கலைஞர்க்கு எத்துணை இன்றியமையாதன என்பது இதனால் விளங்கும்.

விடுதலைக்குப் பின் 1948-ஆம் ஆண்டில் இந்திய அரசு பிலிம்சு டிவிசன் என்னும் திரைப்படப் பிரிவைப் பம்பாயில் நிறுவியது. பக்ரா–நங்கல் முதலிய பெரும்பணிகள் அப்பிரிவின் படங்களில் இடம்பெற்றன. தமிழ் உள்ளிட்ட பல மொழிகளில் விளக்கவுரை சேர்க்கப்பட்ட அப்படங்கள், திரையரங்குகளில் கதைப்படம் தொடங்குமுன் காட்டப்பட்டன. எழுத்தறியாதாரும் தம் நாட்டில் எழும் அணையையும் ஆலையையும் கண்ணால் கண்டனர். 2022-ஆம் ஆண்டில் அப்பிரிவு தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்துடன் இணைக்கப்பட்டது.

ஒரு பெரும்பணியைப் படமாக்குவது எளிதன்று. அதன் அருமையை உணரக் கடலூர் மாவட்டத்திலேயே தக்கதோர் எடுத்துக்காட்டு உண்டு. கடலூருக்கும் விருத்தாசலத்திற்கும் இடையில் அமைந்துள்ள நெய்வேலியே அது. 1930-களின் நடுவில் அங்கு நிலக்கிழாராக விளங்கிய சம்புலிங்க முதலியார் தம் நிலத்தில் கிணறு தோண்டியபோது, நீருடன் கருநிறப் பொருள் கலந்து வந்தது. அது பழுப்பு நிலக்கரி எனப் பின்னர் அறியப்பட்டது. நெய்வேலி நிறுவனம் 1956-ஆம் ஆண்டு நவம்பரில் பதிவு பெற்றது. 1957-ஆம் ஆண்டு மே 20-ஆம் நாள் பிரதமர் சவகர்லால் நேரு சுரங்கப் பணியைத் தொடங்கி வைத்தார். 1961-ஆம் ஆண்டு ஆகஸ்டில் நிலக்கரிப் படுகை வெளிப்பட்டது. 1962-இல் முதல் மின்னாக்கி இயங்கத் தொடங்கியது.

இவ்வாண்டுகளை ஊன்றி நோக்குதல் வேண்டும். தொடக்க விழாவிற்கும் நிலக்கரி கண்ணிற்படுவதற்கும் இடையே நான்கு ஆண்டுகளுக்கு மேல் சென்றன. அந்நான்கு ஆண்டுகளும் தொழிலாளர் மண்ணையே அகற்றினர். விழாவை மட்டும் படமெடுப்பவர் முதல் நாளையும் இறுதி நாளையும் காட்டுவார். நடுவில் உள்ள உழைப்பு மறைந்துபோகும். ஆவணப்படக் கலைஞர் இதற்கு ஒரு வழி கண்டுள்ளார். ஓரிடத்தில் அடையாளக் கல் நட்டு, திங்கள்தோறும் அதே இடத்தில் படக்கருவியை நிறுத்தி, அதே திசையில் படமெடுப்பார். அத்துண்டுகளை வரிசையாக இணைத்து ஓட்டினால், மேடு பள்ளமாவதும் பள்ளம் படிப்படியாக ஆழ்வதும் சில நொடிகளில் கண்முன் நிகழும். காலத்தைச் சுருக்கிக் காட்டும் இம்முறை பொறுமையின் பெருமையைப் புலப்படுத்தும்.

கண்ணுக்குப் புலனாகாதவற்றைக் காட்டுவது அடுத்த இடர்ப்பாடு. நெய்வேலியில் நிலக்கரிப் படுகையின் கீழ் நீர்த்தேக்கம் ஒன்று பேரழுத்தத்துடன் அடைபட்டுள்ளது. அது சதுர சென்டிமீட்டருக்கு 6 முதல் 8 கிலோகிராம் அளவிற்கு மேல்நோக்கி உந்துகின்றது. மேலுள்ள மண் அகற்றப்பட்டுப் பாரம் குறையுமாயின், அந்நீர் சுரங்கத்தின் தரையைப் பிளந்துகொண்டு எழும். எனவே ஆழ்குழாய்களை வரிசையாக இறக்கி, இரவு பகல் ஓயாது நீரை இறைத்து அழுத்தத்தைத் தணிக்கின்றனர். குழாயிலிருந்து நீர் கொட்டுவதைப் படக்கருவி காட்டும். நிலத்தடியில் உள்ள அழுத்தத்தைக் காட்ட அதனால் இயலாது. ஆகவே நிலத்தைக் குறுக்கே வெட்டியது போன்ற வரைபடம் தீட்டி, நீர் உயர்வதையும் தாழ்வதையும் சிறிது சிறிதாக மாற்றி வரைந்து, நொடிக்கு 24 படங்கள் வீதம் ஓடச் செய்வர். அசையும் அவ்வரைபடத்தைக் கண்டபின், நீர் இறைக்கும் கருவியின் அருகே நள்ளிரவில் விழித்திருக்கும் தொழிலாளி காப்பது எதனை என்பது காண்போர்க்குத் தெளிவாகும்.

மூன்றாவது இடர்ப்பாடு அளவு பற்றியது. நெய்வேலியில் மண்ணை அகற்றும் வாளிச்சக்கர எந்திரங்கள் மிகப் பெரியன. சுழலும் சக்கரத்தின் விளிம்பில் வாளிகள் கோக்கப்பட்டிருக்கும். அவற்றுள் 700 லிட்டர் கொள்ளும் வாளிகளும் உண்டு. அவை மண்ணை வாரி ஓடும் பட்டையில் கொட்ட, அப்பட்டை அதனைத் தொலைவிற்குக் கொண்டு செல்லும். எந்திரத்தைத் தனியே படமெடுத்தால் திரையில் அது விளையாட்டுப் பொருள் போலத் தோன்றவும் கூடும். அதனருகே ஒரு மனிதன் நிற்கும்போதே அதன் பேருருவம் விளங்கும். ஆதலின் சேய்மைக் காட்சியில் சுரங்கத்தின் பரப்பையும், இடைக்காட்சியில் எந்திரத்தையும் மனிதனையும், அண்மைக் காட்சியில் அவன் முகத்தையும் கைகளையும் காட்டுவது மரபு. மனிதன் எந்திரத்திற்கு அளவுகோலாக மட்டும் நின்றுவிடக் கூடாது; எந்திரத்தை ஆள்பவனாகவும் அவனைக் காட்டுதல் வேண்டும்.

நெய்வேலியின் வரலாற்றில் இதற்குத் தக்க காட்சிகள் பல. மேல்மண்ணாக அமைந்த பாறைக்குக் கடலூர் மணற்கல் என்றே நிலவியலார் பெயரிட்டுள்ளனர். அது கடினமானது, இரும்பைத் தேய்க்கும் இயல்புடையது. வெளிநாட்டிலிருந்து வந்த எந்திரங்களின் வாளிப்பற்கள் இம்மண்ணில் விரைந்து தேய்ந்தன. பாறையை வெடிவைத்துத் தளர்த்துதலும், தேய்ந்த பற்களை மாற்றுதலும் அன்றாடப் பணிகளாயின. ஏர் பிடித்த கைகள் பல அங்கு எந்திரத்தின் விசையைப் பிடிக்கக் கற்றுக்கொண்டன. தேய்ந்த பல்லைக் கழற்றிப் புதியதைப் பொருத்தும் இரு கைகளின் அண்மைக் காட்சி, நூறு சொற்களால் கூற வேண்டியதை ஒரு நொடியில் உணர்த்தும்.

காட்சிகள் திரண்டபின் தொகுப்பு தொடங்குகின்றது. எக்காட்சியை அடுத்து எக்காட்சி வருகின்றதோ, அதனைப் பொறுத்தே பொருள் அமைகின்றது. எரியும் மின்விளக்கைக் காட்டி, உடனே விழாமேடையைக் காட்டினால் ஒரு பொருள் தோன்றும். அதே விளக்கை அடுத்து வெயிலில் நீர் அருந்தும் சுரங்கத் தொழிலாளியைக் காட்டினால் வேறொரு பொருள் தோன்றும். இரண்டும் உண்மைக் காட்சிகளே. ஆயினும் அவை சொல்லும் செய்தி ஒன்றன்று. இதனால் தொகுப்பாளரின் பொறுப்பு பெரிது.

உண்மைக்கும் ஒழுங்குபடுத்தலுக்கும் இடையே எல்லை யாது என்னும் வினா இங்கு எழுகின்றது. 1936-ஆம் ஆண்டில் இங்கிலாந்தில் உருவான நைட் மெயில் என்னும் படம், இரவு அஞ்சல் தொடர்வண்டியில் கடிதம் பிரிப்போரைக் காட்டுகின்றது. ஆயின், பெட்டியின் உட்புறக் காட்சிகள் படப்பிடிப்பு அரங்கில் எடுக்கப்பட்டன. அங்கு நின்றவர் உண்மையான அஞ்சல் ஊழியரே. வண்டி ஓடுவது போலத் தோன்றுமாறு அவர்கள் உடலை அசைத்தனர். அவர்கள் செய்த தொழில் பொய்யன்று. ஆதலின் அப்படத்தை உலகம் ஏற்றுக்கொண்டது. ஆனால், தலைக்காப்பு அணியாது உழைப்போருக்கு ஒரு நாள் மட்டும் தலைக்காப்பு அணிவித்துப் படமெடுத்தால் அது பொய்யாகும். காட்சியை அமைக்கலாம், வாழ்க்கை நிலையை மாற்றிக் காட்டலாகாது. இதுவே ஆவணப்படத்தின் அறம்.

தொழிலாளியின் முகத்தைக் காட்டுவதோடு கடமை முடிந்ததா? நெடுங்காலம் ஆவணப்படங்களில் முகம் தொழிலாளியுடையதாகவும் குரல் விளக்கவுரையாளருடையதாகவும் இருந்தன. அரசின் படங்களில் திட்டத்தின் பெருமையை ஒரு குரல் முழங்கும். திட்டத்தில் உழைப்பவன் வாய் திறவான். 1935-ஆம் ஆண்டிலேயே ஃகவுசிங் பிராப்ளம்சு என்னும் ஆங்கிலப் படத்தில், இலண்டன் மாநகரின் ஏழை மக்கள் படக்கருவியை நேரே நோக்கித் தம் இன்னல்களைத் தம் சொல்லாலேயே கூறினர். எனினும் அக்காலத்து ஒலிப்பதிவுக் கருவிகள் பெரும்பாரமுடையன. 1960-ஆம் ஆண்டை ஒட்டி எடை குறைந்த கருவிகள் தோன்றிய பின்னரே, உழைக்கும் இடத்திலேயே உழைப்பவர் குரலைப் பதிவது எளிதாயிற்று. இன்றோ உள்ளங்கையில் அடங்கும் தொலைபேசியே படத்தையும் ஒலியையும் ஒருங்கே பதிகின்றது.

குரல் கேட்கத் தொடங்கியதும், பெருமையோடு துயரமும் கேட்கலாயிற்று. சுரங்கம் தோண்ட நிலம் வேண்டும். அந்நிலத்தில் ஊர்கள் இருந்தன. நெய்வேலிச் சுரங்கங்கள் விரிவடைய விரிவடையப் பல குடும்பங்கள் வீட்டையும் வயலையும் விட்டுப் பெயர்ந்தன. 2020-ஆம் ஆண்டு மே மாதத்திலும் சூலை மாதத்திலும் இரண்டாம் அனல்மின் நிலையத்தில் நேர்ந்த கொதிகலன் விபத்துகளில் தொழிலாளர் பலர் உயிரிழந்தனர். பெற்ற ஒளியைக் காட்டும் படம், அதற்குக் கொடுத்த விலையையும் காட்டுதல் வேண்டும். நருமதை ஆற்றின் பெரும் அணையால் ஊர் இழப்போரின் போராட்டத்தை ஆனந்த் பட்வர்த்தனும் சிமந்தினி துருவும் 1995-ஆம் ஆண்டில் ஆவணப்படமாக்கினர். திட்டத்தை நடத்துவோர் எடுக்கும் படமும், திட்டத்தால் பெயர்ந்தோரிடம் சென்று எடுக்கும் படமும் அருகருகே வைத்துக் காணத்தக்கன. அப்பொழுதுதான் நடுவுநிலை வாய்க்கும்.

இத்தகைய பதிவுகளின் அருமை காலம் செல்லச் செல்லவே புலனாகும். கோபுரம் ஐந்நூறு ஆண்டுகள் நிற்கின்றது. எந்திரம் அவ்வாறு நிற்பதில்லை. 1962-இல் இயங்கத் தொடங்கிய நெய்வேலி முதலாம் அனல்மின் நிலையம், 2020-ஆம் ஆண்டு செப்டம்பரில் முழுவதுமாக நிறுத்தப்பட்டது. அதன் முதல் மின்னாக்கி சுழன்ற நாளில் அங்கு நின்ற இளைஞர் இன்று முதுமையின் எல்லையில் உள்ளனர். சுரங்கத்திலோ, நிலக்கரி எடுத்த பள்ளத்தில் மண்ணை மீண்டும் நிரப்பி மரம் வளர்க்கின்றனர். உழைத்த இடம் மறைந்து, உழைத்த எந்திரம் மறைந்து, உழைத்தவரும் மறைவாராயின் எஞ்சுவது யாது?

படச்சுருளும் தானே நிலைத்திருப்பதன்று. வெப்பமும் ஈரமும் அதனை அரிக்கும். கருத்தின்மை அதனினும் விரைந்து அழிக்கும். ஏ. கே. செட்டியாரின் காந்திப்படமே நெடுங்காலம் காணக் கிடைக்காதிருந்தது. பின்னர் அதன் ஆங்கில வடிவம் அமெரிக்காவில் தேடிக் கண்டெடுக்கப்பட்டது. எனவே, எடுப்பதோடு அமையாது, எடுத்த நாள், இடம், படத்தில் உள்ளோர் பெயர் ஆகியவற்றை எழுதி வைத்துக் காப்பதும் ஆவணப்படக் கலைஞரின் கடமையாகும். பெயர் எழுதாத படத்தில் இருப்பவர் மீண்டும் பெயரற்றவராகவே ஆகிவிடுவார்.

கடலூர் மாவட்டத்தில் உழைப்பின் களங்கள் பல. துறைமுகத்தில் படகு கட்டுவோரும், கொள்ளிடக் கரையைக் காப்போரும், நெய்வேலியில் மின்கம்பிகளைப் பழுதுபார்ப்போரும் நாள்தோறும் தொழில் புரிகின்றனர். படமெடுக்கும் கருவி இன்று ஏறக்குறைய எல்லா இல்லங்களிலும் உண்டு. இளைஞர் அதனைக் கையில் ஏந்தி, உழைப்பவரின் இசைவைப் பெற்று, அவர் சொல்வதை இடைமறியாது கேட்டு, கூட்டாமலும் குறைக்காமலும் பதிந்து, பெயரும் நாளும் எழுதி வைத்தல் வேண்டும். சேவகப்பெருமாளின் பெயரைக் கல்லில் வெட்டியவர் எவரோ, அவருக்கு ஓர் உளியும் சிறிது நேரமும் போதுமானவையாக இருந்தன. அச்சிறு செயலால் ஐந்நூறு ஆண்டுகளுக்குப் பின்னும் ஓர் உழைப்பாளியின் பெயர் அறியப்படுகின்றது.